பின்னால் நிற்பவரும் எழுந்து போக முடியாதவரும்: பணியிட இடைவெளி குறித்து ஒரு விளக்கம்

2025 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி ஆர்.என்.மஞ்சுளா வழங்கிய ஒரு தீர்ப்பு, மேற்பார்வை வேலை பார்க்கும் எவரையும் சற்று யோசிக்க வைக்கக்கூடியது. மென்பொருள் நிறுவனம் ஒன்றில் மேலாளர் நிலையில் இருந்தவர், பெண் ஊழியர்கள் வேலை செய்துகொண்டிருக்கும்போது அவர்களுடைய இருக்கைக்குப் பின்னால் மிக நெருங்கி நின்றார், தோளைத் தொட்டார், கைகுலுக்கும்படி வற்புறுத்தினார் என்பவை புகார்களில் இடம்பெற்றிருந்தன. வேலையைக் கண்காணிக்கும் பொறுப்பு தமக்கு இருந்ததால்தான் பின்னால் நிற்க நேர்ந்தது என்பது அவர் தரப்பு. அவருக்குச் சாதகமாகத் தொழிலாளர் நீதிமன்றம் அளித்திருந்த உத்தரவை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. செய்தவரின் உள்நோக்கத்தைவிட, செய்யப்பட்ட செயலுக்கும் அது மற்றவரை எப்படி உணரவைத்தது என்பதற்குமே சட்டம் முதலிடம் தருகிறது என்று அது விளக்கியது.

கோவை சரவணம்பட்டி, கீரணத்தம் பக்கத்து மென்பொருள் அலுவலகமானாலும், திருப்பூர் பனியன் கம்பெனியின் தையல் வரிசையானாலும், இந்தத் தீர்ப்பைப் படிப்பவருக்கு முதலில் எழும் கேள்வி ஒன்றுதான்: அப்படியானால் எத்தனை அடி தள்ளி நிற்க வேண்டும்? கேள்வி நியாயமானதாகத் தோன்றினாலும், அடிக்கணக்கில் விடை தேடினால் பிரச்சினை பிடிபடாது. உடன் வேலை செய்பவர்களுக்கு இடையே ஏற்படும் சங்கடம் பெரும்பாலும் தூரத்தால் வருவதில்லை. எந்தப் பக்கத்தில் நிற்கிறோம், எதிரில் இருப்பவரால் அந்த இடத்தைவிட்டு நகர முடியுமா என்ற இரண்டாலும் வருகிறது. தையல் இயந்திரத்தின் முன் உட்கார்ந்திருப்பவர் நகர முடியாதவர்; அவரிடம் வந்து நிற்பவர் நகர முடிந்தவர். இந்த வேறுபாட்டைப் பிடித்துக்கொண்டால் மற்றவை ஒவ்வொன்றாக விளங்கும்.

தனிவெளி என்பது என்ன?

ஒவ்வொருவரும் தம்மைச் சுற்றி, கண்ணுக்குத் தெரியாத ஓர் எல்லையை வைத்திருக்கிறார்கள். அதற்குள் பிறர் அழைக்கப்படாமல் நுழைந்தால் உடல் இறுகும், பேச்சு சுருங்கும், பார்வை விலகும். இதைத்தான் தனிவெளி என்கிறோம். மனிதர்கள் இடைவெளியை எப்படிப் பயன்படுத்துகிறார்கள் என்று ஆராயும் துறைக்கு அமெரிக்க மானிடவியலாளர் எட்வர்ட் ஹால் 1960-களில் பிராக்ஸெமிக்ஸ் என்று பெயரிட்டார். அவர் நான்கு வளையங்களைக் காட்டினார்:

1. உடலை ஒட்டிய நெருக்க வளையம், சுமார் 18 அங்குலம் வரை.
2. நண்பர்களுடன் பேசும் தனிப்பட்ட வளையம், அதிலிருந்து 4 அடி வரை.
3. வேலை தொடர்பான பேச்சு நடக்கும் சமூக வளையம், 4 அடியிலிருந்து 12 அடி வரை.
4. மேடைப் பேச்சுக்குரிய பொது வளையம், 12 அடிக்கு அப்பால்.

முதல் வளையத்தின் விளிம்பு நமக்குப் புதியதன்று. 18 அங்குலம் என்பது முழங்கையிலிருந்து விரல் நுனி வரையிலான ஒரு முழம். பூக்கடைக்காரம்மா கையை மடக்கி அளந்து தரும் அதே முழம்தான். இரண்டாவது வளையத்தின் எல்லை, இருவரும் கையை நீட்டினால் விரல்கள் தொட்டுக்கொள்ளும் தூரத்தை ஒட்டி வருகிறது.

ஆனால் இந்த எண்களைத் தராசில் வைக்கும் எடைக்கல்லைப் போல எடுத்துக்கொள்ளக் கூடாது. ஹால் கவனித்தவர்கள் பெரும்பாலும் அமெரிக்காவின் வடகிழக்குப் பகுதியைச் சேர்ந்த நடுத்தர வகுப்பினர்; எல்லா நாட்டாருக்கும் இது பொருந்தாது என்று அவரே எச்சரித்திருக்கிறார். 2017-இல் வெளியான ஓர் ஆய்வு, 42 நாடுகளைச் சேர்ந்த 8,943 பேரிடம், அறிமுகமற்றவர் எவ்வளவு தூரத்தில் நின்றால் தமக்கு வசதி என்று கேட்டது. அர்ஜென்டினாவில் கிடைத்த சராசரி ஏறத்தாழ 76 சென்டிமீட்டர். ருமேனியாவில் 130 சென்டிமீட்டருக்கும் மேல். ஒருவருக்கு மரியாதையான தூரம் இன்னொருவருக்கு அலட்சியமாகத் தெரிவதற்கு இந்த வித்தியாசம் போதும். ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வந்தவர்கள் உள்ளூர்க்காரர்களோடு ஒரே கூரையின்கீழ் வேலை செய்யும் திருப்பூரில், எல்லோருக்கும் ஒரே அளவு பொருந்தும் என்று எதிர்பார்க்க முடியாது.

இந்த உணர்வு நாகரிகத்தால் மட்டும் வருவதும் அன்று. மூளையில் அமிக்டலா என்ற சிறு பகுதி இருபுறமும் சேதமடைந்த ஒரு பெண்ணை அமெரிக்க ஆய்வாளர்கள் சோதித்து, முடிவுகளை 2009-இல் வெளியிட்டார்கள். ஆய்வாளரை நோக்கி நடந்து, வசதியான தூரத்தில் நிற்கச் சொன்னபோது, மற்றவர்கள் சராசரியாக 64 சென்டிமீட்டரில் போதும் என்று நின்றுவிட்டார்கள். அந்தப் பெண்ணோ 34 சென்டிமீட்டர் வரை வந்தும் சங்கடப்படவில்லை. ஒரே ஒருவரைப் பற்றிய ஆய்வு என்பதால் பெரிதாக நீட்ட வேண்டியதில்லை. ஆயினும், ஒருவர் சற்று விலகி உட்கார்ந்தால் அதைத் திமிர் என்று எடுத்துக்கொள்பவர்கள், அந்த விலகலுக்கு அவருடைய குணம் மட்டும் காரணமாக இருக்க வேண்டியதில்லை, மூளையில் நடக்கும் ஒரு கணக்கும் காரணமாக இருக்கலாம் என்பதை இதிலிருந்து தெரிந்துகொள்ளலாம்.

கொங்குப் பணியிடங்களில் நெருக்கம் எங்கிருந்து வருகிறது?

நெருங்கி நிற்பவர்கள் எல்லோரும் தெரிந்தே அப்படி நிற்பதில்லை. இந்த வட்டாரத்தின் தொழில்களில் உடல்களை ஒன்றோடொன்று நெருக்கும் காரணங்கள் மூன்று உண்டு. அவற்றுள் முதலாவதுதான் அதிகம் கவனிக்கப்படாதது.

1. சத்தம். சோமனூர், பல்லடம் பக்கத்து விசைத்தறிக் கூடத்துக்குள் நுழைந்தவருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இயல்பான பேச்சு ஒரு மீட்டர் தூரத்தில் ஏறத்தாழ 60 டெசிபல் இருக்கும். தூரம் பாதியானால் 6 டெசிபல் கூடும் என்பது ஒலியின் பொது விதி. ஆக அரை மீட்டரில் 66, கால் மீட்டரில் 72. தறிகள் ஓடும் கூடத்திலோ சத்தம் 90 டெசிபலைத் தாண்டுவது சாதாரணம். காதருகே வாயை வைத்தாலும் இயல்பான குரல் அங்கே எடுபடாது. கத்த வேண்டும், அதையும் நெருங்கி நின்று கத்த வேண்டும். இருவருக்கு இடையே இருந்த ஒரு முழத்தை இவ்வாறு இயந்திரம் விழுங்கிவிடுகிறது. பல ஆண்டுகள் தறிக்கூடத்தில் வேலை பார்த்தவர்கள் வெளியே டீக்கடையில் நிற்கும்போதும் அதே நெருக்கத்தில், அதே உரத்த குரலில் பேசுவதைப் பார்க்கலாம்.

2. இட நெருக்கடி. ஒரு தொழிலாளிக்குக் குறைந்தது 14.2 கன மீட்டர் இடம் வேண்டும் என்றும், தரையிலிருந்து 4.2 மீட்டருக்கு மேலுள்ள வெளியைக் கணக்கில் சேர்க்கக் கூடாது என்றும் 1948-ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டம் வகுத்தது. 4.2 மீட்டர் உயரக் கூடத்தில் அது ஏறத்தாழ ஆறடிக்கு ஆறடி தரை. தையல் இயந்திரம், துணிக்கட்டு, தைத்த பீஸ் விழும் பெட்டி ஆகியவையும் அதே கூடத்துக்குள்தான் அடங்க வேண்டும். தவிர, அந்த அளவுகோல் சுவாசிக்கும் காற்றை மனதில் வைத்துப் போடப்பட்டது. யார் யாருக்குப் பின்னால் நிற்கலாம் என்று அது பேசவில்லை.

3. பொருளைப் பார்க்க வேண்டிய தேவை. தையலில் விட்டுப்போன இழையையோ, கடைசல் இயந்திரத்தில் மாட்டிய துண்டின் அளவையோ, திரையில் உள்ள ஒரு வரி நிரலையோ பார்க்க இருவர் ஒரே இடத்தில் குனிய வேண்டியிருக்கிறது.

மூன்றுமே உண்மையான காரணங்கள். சங்கடப்படுபவர் வாயைத் திறக்காமல் இருப்பதற்கும் இதுவே காரணமாகிறது. வேலைக்காகத்தானே வந்தார் என்ற எண்ணம் அவருடைய சந்தேகத்தை அவருக்குள்ளேயே அடக்கிவிடுகிறது.

தூரத்தைவிடக் கோணம் முக்கியமாவது எப்படி?

பிரிட்டிஷ் உளவியலாளர் மைக்கேல் ஆர்கைலும் ஜேனட் டீனும் 1965-இல் ஒரு கருத்தை முன்வைத்தார்கள். இருவருக்கு இடையிலான நெருக்கம் தூரத்தால் மட்டும் ஆனதன்று. பார்வை, சிரிப்பு, பேசும் பொருள் ஆகியவையும் சேர்ந்து ஒரு சமநிலையை உண்டாக்குகின்றன, ஒன்று கூடினால் மற்றொன்றைக் குறைத்து மனிதர்கள் அதைச் சரிசெய்கிறார்கள் என்பது அதன் சாரம். காலை எட்டரை மணிக்குக் காந்திபுரத்திலிருந்து உக்கடம் போகும் நகரப் பேருந்தில் தோளோடு தோள் இடித்து நிற்பவர்கள் ஆளுக்கொரு பக்கம் சன்னலைப் பார்ப்பது இதனால்தான். உடல் நெருங்கியதற்கு ஈடாகப் பார்வை விலகுகிறது. யாரும் யாரையும் தவறாக நினைப்பதில்லை.

பணியிடத்தில் இந்த ஈடு கட்டும் வழி அடைபடுகிறது. கேள்வி கேட்கும் சூப்பர்வைசரைப் பார்க்காமல் சன்னலைப் பார்த்தால் அது அவமரியாதை ஆகும். நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினால் பின்னால் இருப்பவர்மேல் இடிக்கும். எழுந்து போனால் உற்பத்தி நிற்கும். பீஸ் ரேட்டில் இருப்பவருக்குக் கூலியும் நிற்கும். ஆக, சமநிலையைச் சரிசெய்யும் அத்தனை சாதனங்களும் ஒருவரிடமிருந்து பறிக்கப்பட்டு, மற்றவரிடம் மட்டும் இருக்கின்றன.

மூன்று நிலைகளை ஒப்பிட்டால் இது தெளிவாகும்.

நேருக்கு நேர் நிற்பது பேரம், விசாரணை, சண்டை ஆகியவற்றின் நிலை. பார்வையைத் தவிர்க்க முடியாததால் இதற்கு அதிக தூரம் தேவைப்படுகிறது. மேசை நடுவில் இருந்தால் பொறுத்துக்கொள்ளலாம்.

இரண்டாவது, ஒருவர் மேசையின் ஒரு விளிம்பிலும் மற்றவர் அதை அடுத்த விளிம்பிலுமாக அமைவது. இருவருடைய தோள்களும் சேர்ந்து 'ட' எழுத்தின் வடிவத்தை உண்டாக்கும். மருத்துவமனை உணவகம் ஒன்றில் மேசைகளைக் கவனித்த ராபர்ட் சோமர் என்ற உளவியலாளர், எதிரெதிரே இருப்பவர்களைவிட மூலையை ஒட்டி இப்படி அமர்ந்தவர்களே அதிகம் பேசிக்கொள்வதை 1950-களின் இறுதியில் பதிவு செய்தார். பேசும்போது மனிதர்கள் தங்களுக்கு நடுவே ஒரு பொதுவெளியை உண்டாக்கிக்கொள்கிறார்கள் என்று ஆடம் கெண்டன் என்ற ஆய்வாளர் பின்னர் விளக்கினார். 'ட' வடிவத்தில் அந்தப் பொதுவெளியில் ஒரு துணியை விரிக்கலாம், ஒரு வரைபடத்தை வைக்கலாம். விரும்பினால் ஒருவரையொருவர் பார்க்கலாம், விரும்பாவிட்டால் துணியைப் பார்க்கலாம். வேலைப் பேச்சுக்கு இதைவிடப் பொருத்தமான அமைப்பு இல்லை என்றே சொல்லலாம்.

மூன்றாவது பின்னால் நிற்பது. இதில் பொதுவெளியே கிடையாது. நிற்பவர் அனைத்தையும் பார்க்கிறார். உட்கார்ந்திருப்பவர் எதையும் பார்ப்பதில்லை, மூச்சுச் சத்தத்தையும் நிழலையும் கொண்டு தூரத்தை ஊகிக்கிறார். முன்னால் நிற்பவரைவிடப் பின்னால் சற்றுத் தள்ளி நிற்பவர்கூட நெருக்கமாக உணரப்படலாம் என்பது இதனால்தான்.

பவர் டேபிள் எனப்படும் மின்தையல் கூடம் ஒன்றின் வரிசையைக் கிட்ட நின்று பார்த்தால் இது கண்ணில் படும். ஓவர்லாக் இயந்திரத்தில் ஒரு பெண் டெய்லர் தோள் தையல் போட்டுக்கொண்டிருக்கிறார். இடது பக்கம் வெட்டிய துணிக்கட்டு, வலது பக்கம் தைத்த பீஸ்களை அடுக்கும் கைமடி, அதாவது உதவியாளர். லைன் சூப்பர்வைசர் பின்னாலிருந்து வலது தோளுக்கு மேல் குனிந்து, விரலை நீட்டித் தையல் விலகியிருப்பதைக் காட்டுகிறார். டெய்லரின் கால் பெடலிலிருந்து எழும்புகிறது, வலது தோள் காதை நோக்கி ஏறுகிறது, தலை இடது பக்கம் சாய்கிறது, முந்தானையையோ துப்பட்டாவையோ கை ஒருமுறை சரிசெய்கிறது. ஒரு வார்த்தையும் பேசாமல் நான்கு அறிகுறிகளை அந்த உடல் தந்துவிட்டது. இனி அதே சூப்பர்வைசர் இரண்டு எட்டு நடந்து கைமடி நிற்கும் பக்கம் வந்து, விழுந்த பீஸை எடுத்து, மேசைமேல் விரித்துக் காட்டுவதாக வைத்துக்கொள்வோம். அதே குறைதான் பேசப்படுகிறது; 'ட' வடிவம் அமைந்துவிட்டது; டெய்லரின் தோள் இறங்கிவிடுகிறது. பீஸைத் தூக்கி ஆளிடம் கொண்டுவரலாம், ஆளைக் கொண்டுபோய் பீஸின்மேல் கவிழ்க்க வேண்டியதில்லை.

மென்பொருள் அலுவலகத்தில் இதற்கு இணையானது திரை. நாற்காலிக்குச் சக்கரம் இருக்கிறது, திரையும் திரும்பும். அல்லது அவரவர் மேசையிலேயே திரையைப் பகிரலாம். அங்கே பின்னால் நின்று குனிவதற்குத் தொழில்நுட்பக் காரணம் ஏறத்தாழ இல்லை.

முறை சொல்லி அழைப்பதும் தொடுகையும்

கொங்குப் பேச்சில் மரியாதை வாய்க்குள்ளேயே இருக்கிறது. 'வாங்ணா', 'சொல்லுங்க', 'ஏனுங்க' என்று ஒவ்வொரு வாக்கியத்திலும் 'ங்க' வந்து எதிரில் இருப்பவரை ஓர் எட்டு மேலே நிறுத்துகிறது. சொல்லில் இவ்வளவு இடைவெளி காட்டுபவர்கள், உடலில் தனியாகக் காட்ட வேண்டும் என்று நினைக்காமல் போவதும் உண்டு. 'கண்ணு', 'சாமி', 'அம்மணி' என்று வயதில் சிறியவர்களை அழைப்பது இங்கே வாஞ்சை. எழுபது வயதுப் பாட்டி 'வா கண்ணு' என்று கன்னத்தைத் தடவுவதும், முப்பத்தைந்து வயது மேலாளர் 'என்ன கண்ணு, முடிஞ்சுதா?' என்று தோளில் கை வைப்பதும் ஒரே சொல்லைக் கொண்டிருந்தாலும் ஒன்றாகிவிடாது.

முறைப்பெயர்கள் வேலி போடவும் பயன்படுகின்றன என்பதைக் கவனிக்க வேண்டும். மாமன் மச்சான் முறையில் கேலிக்கும் தொடுகைக்கும் இடம் உண்டு. அண்ணன் தங்கை முறையில் அந்தக் கேலிக்கு இடமில்லை. புதிதாக வேலைக்குச் சேர்ந்த பெண் உடன் வேலை செய்யும் ஆண்களை முதல் நாளிலிருந்தே 'அண்ணா' என்று அழைப்பது பாசத்தால் மட்டும் அன்று. எல்லை எங்கே இருக்கிறது என்று அவர் ஒற்றைச் சொல்லில் அறிவிக்கிறார். 'அண்ணன் மாதிரிதானே' என்று சொல்லிக்கொண்டே அந்த எல்லையைத் தாண்டுபவர், போட்ட வேலியையே ஏணியாக்குகிறார்.

தொடுகை எப்போது சங்கடம் தராது என்பதற்கு இந்த மண்ணிலேயே நல்ல எடுத்துக்காட்டு உண்டு. அந்தியூர் குருநாதசாமி கோயில் ஆடித் திருவிழாவை ஒட்டிக் கூடும் மாட்டுச் சந்தை போன்ற இடங்களில், வாங்குபவரும் விற்பவரும் துண்டுக்குள் கையை விட்டு விரல்களைப் பிடித்து விலை பேசுவதுண்டு. முன்பின் அறியாத இருவர் கையோடு கை கோத்து நிற்கிறார்கள். ஆனாலும் சங்கடம் இல்லை. எதற்காகத் தொடுகிறோம் என்பது இருவருக்கும் தெரியும். இருவரும் ஒப்புக்கொண்டே கையை நீட்டுகிறார்கள். எவரும் எந்த நொடியிலும் கையை உருவிக்கொண்டு அடுத்த மாட்டைப் பார்க்கப் போகலாம். பேரம் முடிந்ததும் தொடுகையும் முடிகிறது. தையல் வரிசையில் தோள்மேல் விழும் கைக்கு இந்த நான்கில் ஒன்றுகூட இல்லை.

'தள்ளி நில்' என்ற சொல்லின் பாரம்

இடைவெளி என்றாலே நன்மை என்றும் முடிவு கட்டிவிட முடியாது. இந்த நாட்டில் தூரம் நீண்ட காலம் தீண்டாமையின் கருவியாக இருந்தது. அரசமைப்புச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு தீண்டாமையை ஒழித்த பின்னரும், மேற்கு மாவட்டங்களின் டீக்கடைகளில் இரட்டைக் குவளை முறை நீடித்தது பதிவான செய்தி. ஆகவே 'கொஞ்சம் தள்ளி நில்லுங்க' என்ற சொல், சொல்பவருக்கு வெறும் வசதிக் கோரிக்கையாக இருந்தாலும், கேட்பவரின் காதில் பாட்டன் காலத்து வலியோடு விழக்கூடும். தனிவெளி பற்றி வெளிநாட்டுக் கையேடுகளை அப்படியே மொழிபெயர்த்து ஒட்டும் நிறுவனங்கள் கோட்டைவிடும் இடம் இதுதான்.

இங்கே கவனிக்க வேண்டியது சீர்மை. ஒருவர் எல்லோரிடமிருந்தும் ஒரே அளவு விலகி நின்றால் அது அவருடைய பழக்கம். மற்றவர்களோடு ஒரே மேசையில் சாப்பிட்டுவிட்டு, ஒருவர் வரும்போது மட்டும் தட்டை எடுத்துக்கொண்டு நகர்ந்தால் அது வேறு செய்தி; அதைத் தனிவெளி என்று எந்த அகராதியும் காப்பாற்றாது. வடமாநிலத் தொழிலாளர்களிடம் மட்டும் தள்ளி நிற்பவர்களுக்கும் இதே அளவுகோல்தான்.

அந்த நேரத்தில் என்ன செய்வது?

நகர முடிந்தவர் நகர வேண்டும் என்பதே அடிப்படை. ஆகவே நிற்பவருக்கு உரியவற்றை முதலில் சொல்வதே முறை.

1. குரல் முதலில் போகட்டும், உடல் பிறகு. பின்னாலிருந்து வரும்போது இரண்டு எட்டு முன்னதாகவே பேச்சுக் கொடுத்தால் உட்கார்ந்திருப்பவர் திரும்பிக்கொள்ள முடியும். ஜவுளிக்கடைக் கவுண்டருக்கும் அலமாரிக்கும் இடையிலான சந்தில் கடந்து போவதற்கும் இது பொருந்தும். அங்கே ஒருவர் வெளியே வரும்வரை மற்றவர் காத்திருப்பது அரை நிமிட வேலை.
2. பக்கவாட்டில், அவருக்குத் தெரியும்படி நிற்பது. வெளியேறும் வழி எந்தப் பக்கம் இருக்கிறதோ அந்தப் பக்கத்தை அடைக்காமல் நிற்பது.
3. உயரத்தைக் குறைப்பது. பேச்சு ஒரு நிமிடத்துக்கு மேல் நீளுமானால் ஒரு ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்காரலாம். கடை ஊழியர்களுக்கு இருக்கை வசதி தர வேண்டும் என்று தமிழ்நாடு 2021-இல் கடைகள், நிறுவனங்கள் சட்டத்தைத் திருத்தியது. உட்கார்ந்திருக்கும் ஊழியரிடம் மேலாளர் நின்றுகொண்டே பேசும் காட்சி இனி அதிகமாகலாம் என்பதால் இதையும் யோசிக்க வேண்டியிருக்கிறது.
4. சத்தமான கூடத்தில் காதோடு பேச வேண்டியிருந்தால் பின்னாலிருந்து அன்றி, பக்கத்திலிருந்து பேசுவது. விஷயம் நீளமானால் வாசலுக்கு வெளியே அழைத்துப் பேசுவது. ஆனால் ஆளில்லாத குடோனுக்குள் அன்று.

உட்கார்ந்திருப்பவர் சொல்ல வேண்டியிருந்தால், முதல் முறை ஆளைக் குறித்துப் பேசாமல் பொருளைக் குறித்துப் பேசுவது இங்கே எளிதில் எடுபடும். 'அண்ணா, இப்படி முன்னாடி வந்துக்கங்க, வெளிச்சம் மறைக்குது' என்றாலோ, 'இருங்ணா, பீஸை எடுத்து விரிச்சுக் காட்டறேன்' என்றாலோ நிற்பவருக்கு ஒரு புது இடம் கிடைக்கிறது; சிறுமைப்பட்டதாக அவர் நினைக்கவும் வழியில்லை. துணிக்கட்டையோ பீஸ் பெட்டியையோ நடுவில் நகர்த்தி வைப்பதும் இதே வகை. தெரியாமல் நெருங்கியவர் இந்த ஒரு வாக்கியத்தில் நகர்ந்துவிடுவார். நகராதவர், அல்லது அடுத்த நாளும் அதே இடத்துக்கு வருபவர், தெரியாமல் வருபவர் அல்லர். அவரிடம் இரண்டாம் முறை வெளிச்சத்தைக் காரணம் காட்ட வேண்டிய தேவையில்லை. 'பின்னாடி நிக்காதீங்க, எனக்குச் சரிப்படலை' என்று பக்கத்து டெய்லருக்கும் கேட்கும்படி சொல்லலாம். அந்தச் சாட்சி பின்னால் உதவும்.

வயது வேறுபாடு, சம்பளம், விடுதி வாசம் ஆகியவற்றால் இதைக்கூடச் சொல்ல முடியாத நிலையில் பலர் இருக்கிறார்கள் என்பதும் உண்மை. அதனால்தான் நிர்வாகம் செய்யக்கூடியது, தனி மனிதர் சொல்லக்கூடியதைவிடப் பயனுள்ளது: செக்கிங் மேசையை வரிசையின் பக்கவாட்டில் போடுவது, இயந்திரங்களுக்குப் பின்னால் சூப்பர்வைசர் நடக்கும் பாதையைத் தரையில் கோடிட்டுக் காட்டுவது, குறையைக் காட்டப் பீஸில் ஸ்டிக்கர் ஒட்டி அனுப்புவது.

தொடர்ந்தால் சட்டம் என்ன சொல்கிறது?

தொட்டால்தான் குற்றம் என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. அதை உச்ச நீதிமன்றம் 1999-ஆம் ஆண்டிலேயே மறுத்துவிட்டது. திருப்பூரில் பரிச்சயமான பெயரான ஆடை ஏற்றுமதி மேம்பாட்டுக் கழகம், அதாவது ஏ.இ.பி.சி., பெண் தட்டச்சர் ஒருவரிடம் நெருங்கி உட்காரவும் தொடவும் முயன்றதற்காக டெல்லியில் தன் ஊழியர் ஒருவரைப் பணிநீக்கம் செய்தது. அவர் முயன்றாரே தவிர உண்மையில் தொடவில்லை என்ற வாதத்தை டெல்லி உயர் நீதிமன்றம் ஏற்றது. உச்ச நீதிமன்றம் அதைத் திருத்தி, உடல் தொடுகை நிகழ்ந்தாக வேண்டும் என்பது கட்டாயமில்லை என்று கூறிப் பணிநீக்கத்தை உறுதி செய்தது.

2013-ஆம் ஆண்டின் பணியிடப் பாலியல் துன்புறுத்தல் தடுப்புச் சட்டம், பாலியல் தன்மை கொண்ட, விரும்பத்தகாத உடல் தொடுகை, பேச்சு, சைகை ஆகிய அனைத்தையும் வரையறைக்குள் கொண்டுவந்தது. இதன்கீழ்ப் புகார் தரும் உரிமை பெண்களுக்கே உரியது; ஆண்களுக்கு நேர்வதை நிறுவனத்தின் ஒழுங்கு விதிகள் வழியாகவே பார்க்க வேண்டியிருக்கிறது. பத்துப் பேரும் அதற்கு மேலும் வேலை செய்யும் இடத்தில் பெண் தலைமையில் உள்ளகக் குழு இருக்க வேண்டும். பத்துக்கும் குறைவானவர்கள் உள்ள இடமானால், அல்லது புகார் முதலாளியின் மீதே என்றால், மாவட்ட அளவிலான உள்ளூர்க் குழுவிடம் போகலாம். சிறு யூனிட்டுகளும் ஒப்பந்த பவர் டேபிள்களும் நிறைந்த திருப்பூரில் இந்தக் குழு பற்றித் தெரிந்திருப்பது அவசியம். ஒப்பந்தத் தொழிலாளர்களுக்கும் இது பொருந்தும். நிறுவனம் ஏற்பாடு செய்யும் வேனும் பேருந்தும் பணியிடமாகவே கருதப்படும். அவிநாசியிலிருந்தோ தாராபுரம் சாலையிலிருந்தோ ஆட்களை ஏற்றிவரும் வேனில், மூவர் இருக்கையில் நான்காவதாக இடித்து உட்கார்பவரின் நடத்தையும் இதற்குள் அடங்கக்கூடும்.

சம்பவம் நடந்த மூன்று மாதத்துக்குள் எழுத்து மூலம் புகார் தர வேண்டும். தக்க காரணம் இருந்தால் குழு மேலும் மூன்று மாதம் வரை நீட்டிக்கலாம். எழுத இயலாதவருக்கு எழுதித் தர உதவுவது குழுத் தலைவர் அல்லது உறுப்பினரின் கடமை. விசாரணை 90 நாட்களுக்குள் முடிய வேண்டும். இத்தகைய புகார்களில் 'மோசமாக நடந்துகொண்டார்' என்று பொதுவாக எழுதுவதைவிட, நிலைகளை எழுதுவது வலுவானது: எந்த இயந்திரம், எந்தப் பக்கம் நின்றார், நாற்காலிக்கும் அவருக்கும் இடையே ஒரு முழமாவது இருந்ததா, அவர் நிற்க வேறு இடம் இருந்ததா, நகரச் சொன்ன பிறகு நகர்ந்தாரா, பக்கத்தில் யார் இருந்தார்கள் என்ற விவரங்கள். கேமரா வரிசையின் முன்பக்கத்தைத்தான் காட்டுகிறது, முதுகுப்பக்கம் என்ன நடந்தது என்று அதில் தெரியாது என்றால், அந்தக் கேமரா எங்கே மாட்டப்பட்டிருக்கிறது என்பதையும் சேர்த்து எழுத வேண்டும்.